சிவப்பு விளக்கை மறைத்த நாள்

சரவணா,

போன ஞாயிற்றுக்கிழமை நீ ஃபோனில் அவ்வளவு நேரம் பேசினாய். நான் "ம்" கொட்டிக்கொண்டே இருந்தேன். ஆம்பூர் பக்கத்து ஷூ கம்பெனியில் உற்பத்தி மேலாளராகச் சேரப்போகிறாய், சென்னை வீட்டைக் காலி செய்கிறாய், இனி வாரத்துக்கு ஒருமுறையாவது வேலூருக்கு வந்து எங்களைப் பார்த்துவிட்டுப் போவாய். எல்லாம் நல்ல சேதிதான். உன் அப்பா அன்றைக்கே பரண்மேல் இருந்த மடக்குக் கட்டிலை இறக்கித் துடைக்க ஆரம்பித்துவிட்டார். கடைசியில் ஒன்று சொன்னாய். தையல் பிரிவில் வரிசைக்கு ஒரு கேமரா வைத்திருக்கிறார்களாம். உன் அறையில் உட்கார்ந்தபடியே அத்தனை பெண்களையும் ஒரே திரையில் பார்க்கலாமாம். "இன்னாம்மா, உன் வேலை மாதிரியே இல்ல?" என்று சிரித்தாய். எனக்குப் பேச்சு நின்றுபோனது அந்த இடத்தில்தான். அதற்கு ஒரு பதில் இருக்கிறது. நான் காகிதத்தை எடுத்துவைத்து உட்கார்ந்ததைப் பார்த்துவிட்டு அப்பா, "இதுக்குப் போயி லெட்டரா? ஃபோனப் போட்டுச் சொல்லிட்டுப் போயேன்" என்றார். ஃபோனில் ஆரம்பித்தால் பாதியில் வேறு பேச்சுக்குத் தாவிவிடுவேன். என்னை எனக்குத் தெரியும்.

நான் என்ன வேலை பார்த்தேன் என்று உனக்குத் தெரியும் என்றுதான் இத்தனை நாளும் நினைத்திருந்தேன். யோசித்துப் பார்த்தால் உனக்குத் தெரிந்தது வெளிப்புறம் மட்டும்தான். திங்கட்கிழமை விடியலில் காட்பாடியில் ரயில் ஏறுவேன், வெள்ளிக்கிழமை விளக்கு வைத்தபின் வருவேன். நடுவில் உன்னைக் குளிப்பாட்டியது, வாய்ப்பாடு சொல்லிக்கொடுத்தது, காய்ச்சலில் பக்கத்தில் படுத்தது எல்லாம் அப்பா. சென்னையில் ஒரு தொலைக்காட்சி நிலையத்தில் நான் நிகழ்ச்சித் தயாரிப்பாளர். ஊரில் எங்கே எது மேடை ஏறினாலும், நாடகமோ கூத்தோ பாட்டுக் கச்சேரியோ, அதைத் திரைக்குக் கொண்டுவருவது என் பொறுப்பு. இந்த வேலைக்கு நான் எப்படிப் பொருந்தினேன் என்று பலரும் கேட்டிருக்கிறார்கள். குடியாத்தத்தில் லுங்கி நெய்கிற வீட்டில் பிறந்தவள். வீட்டுக்குள்ளேயே பவர்லூம் ஓடும். அது ஓடும்போது பக்கத்தில் நிற்பவர் பேசினால் காதில் விழாது. முகத்தைப் பார்த்துத்தான் புரிந்துகொள்ள வேண்டும். என் அம்மா புருவத்தைத் தூக்கினால் நூல் அறுந்துவிட்டது என்று அர்த்தம், உதட்டைக் கடித்தால் வாசலில் வேண்டாத ஆள் வந்திருக்கிறார் என்று அர்த்தம். சத்தமில்லாமல் முகம் படிக்கிற பழக்கம் அப்படி வந்தது. நேர்முகத் தேர்வில் என் தகுதியைக் கேட்டபோது பட்டப் படிப்பைச் சொன்னேன். உண்மையான தகுதி இதுதான்.

மேடையில் நடிக்கிறவர், கடைசி வரிசையில் நின்று பார்க்கிறவருக்காக நடிக்கிறார். குரலை எறிவார், கையை வீசுவார், அழுதால் தோள் குலுங்க அழுவார். அதை அப்படியே கேமராவில் பிடித்தால் யாரோ நம் வீட்டுக்குள் வந்து கத்துகிற மாதிரி இருக்கும். ஆகவே அடக்கச் சொல்ல வேண்டும். ஆனால் உயிர் போகாமல் அடக்க வேண்டும். மூன்று மணி நேர நாடகத்தை முக்கால் மணி நேரமாக்க வேண்டும். மூன்று கேமராக்கள் மூன்று பக்கத்திலிருந்து காட்டும். எந்த நொடியில் எதை மக்கள் பார்க்கட்டும் என்று நான் முடிவு செய்ய வேண்டும். மேடைக்கு எதிரே உட்கார்ந்தவன் தன் இஷ்டத்துக்கு யாரை வேண்டுமானாலும் பார்ப்பான். டிவிக்கு எதிரே உட்கார்ந்தவன் நான் காட்டினதை மட்டும்தான் பார்க்க முடியும். இந்த அதிகாரம் எனக்குப் பிடித்திருந்தது. அடக்கத்துக்காகப் பொய் சொல்கிற வயதைத் தாண்டிவிட்டேன், மிகவும் பிடித்திருந்தது. அரக்கோணத்தில் ரயில்வே ஊழியர்கள் நாடகம் போட்டாலும், ராணிப்பேட்டைத் தொழிற்பேட்டையில் யாராவது வேஷம் கட்டினாலும் நான் முன்வரிசையில் இருப்பேன். பொறுக்கி எடுத்து ஸ்டூடியோவுக்கு அழைத்து வருவேன். நல்ல பெயர் கிடைத்தது.

அந்தப் பழக்கம் வீட்டுக்குள்ளும் வந்தது. இரண்டாம் வகுப்பில் நீ பள்ளி ஆண்டுவிழாவில் தலைப்பாகை கட்டிக்கொண்டு ஒரு ராஜாவாக வந்தாய். லீவு போட்டுவிட்டு வந்து பார்த்தேன். முடிந்ததும் ஓடிவந்து, "எப்டிம்மா இருந்துச்சு?" என்று கேட்டாய். "மைக்க தப்பான இடத்துல வச்சிருக்காங்க" என்றேன். நீ தலைப்பாகையை அவிழ்த்துக் கையில் எடுத்துக்கொண்டாய். அப்பா உன்னைத் தூக்கிக்கொண்டு ஐஸ்கிரீம் வாங்கப் போய்விட்டார். நீ என்ன பேசினாய், எப்படி நடந்தாய் என்று இன்றைக்கு என்னால் சொல்ல முடியாது. மைக் நின்ற இடம் மட்டும் இன்னும் கண்ணில் இருக்கிறது. இதை மன்னிப்புக் கேட்பதற்காக எழுதவில்லை. நான் எப்படிப்பட்ட ஆளாக இருந்தேன் என்று தெரிந்தால்தான் அடுத்தது புரியும்.

அதற்கு அடுத்த வருஷம் ஆம்பூரில் ஒரு கோயில் திருவிழாவுக்குப் போயிருந்தேன். சாயங்காலம் ஒரு ஷூ கம்பெனித் தொழிலாளிகள் நாடகம் போட்டார்கள். எழுதியவர் பாஷா பாய்; அந்தக் கம்பெனியில் தோல் வெட்டுகிற பிரிவில் இருந்தவர். கதை எளிமையானது. ஏற்றுமதிக்குப் போக வேண்டிய ஒரு ஜோடியில் இடது கால் ஷூவைக் காணோம். சூப்பர்வைசர் ஒவ்வொரு பெண்ணின் சாப்பாட்டுத் தூக்கையும் திறந்து தேடுகிறார், பையைக் கொட்டுகிறார், கொண்டையை அவிழ்த்துக் காட்டச் சொல்கிறார். கடைசியில் பார்த்தால் அவரே காலையில் அதைத் தன் மேசைமேல் வைத்து அதற்குள் பேனாக்களைப் போட்டு வைத்திருக்கிறார். அந்தச் சூப்பர்வைசராக பேண்ட் சட்டை போட்டு நடித்தவள் ஒரு பெண். பெயர் அஞ்சலை, தையல் பிரிவில் ஷூவின் மேல்தோல் தைக்கிறவள், என் வயதுதான் இருக்கும். அவள் மேடைக்கு வந்ததும் ஜனங்கள் சிரிக்க ஆரம்பித்தார்கள். அவள் ஒன்று செய்தாள். யாரையாவது திட்டுவதற்கு முன்னால் மூக்குக் கண்ணாடியைக் கழற்றுவாள், சட்டை நுனியில் துடைப்பாள், மறுபடி போட்டுக்கொள்ளாமல் அந்தக் கண்ணாடியின் காதால், அதாவது காதில் மாட்டுகிற கம்பியால், எதிரே நிற்கிற பெண்ணின் தோளில் இரண்டு தட்டுத் தட்டுவாள். மெதுவாக. அதன் பிறகுதான் பேச்சு. முதல் தட்டிலேயே பெண்கள் பக்கம் ஓவென்று ஒரு சத்தம் எழுந்தது. அவ்வளவு பேர் சேர்ந்து ஒரே விஷயத்துக்கு அப்படிச் சத்தம் போட்டு நான் அதற்குமுன் கேட்டதில்லை.

நாடகம் முடிந்ததும் மேடைக்குப் பின்னால் போனேன். டிவி என்றதும் பாஷா பாய் அவசரமாகச் சட்டையை இழுத்துச் சரிசெய்துகொண்டார். அஞ்சலைதான் நிதானமாக இருந்தாள்.

"டிவின்னா எல்லாரும் பாப்பாங்க, இல்ல மேடம்?"

"எல்லாரும் பாப்பாங்க."

"எங்க சூப்பர்வைசரும் பாப்பாரு."

"நாடகம்தானே அஞ்சலை. பேரு, ஊரு எதுவும் வராது."

அவள் பாஷா பாயைப் பார்த்தாள், பிறகு என்னைப் பார்த்தாள். "எல்லாம் செய்றேன் மேடம். கண்ணாடியால தட்றது மட்டும் வேணாம். இங்க எங்க ஆளுங்க மட்டும்தான், தூரத்துல இருந்து பாக்குறாங்க, யாரும் கேக்க மாட்டாங்க. டிவில வந்தா அது அவரேதான்னு தெரிஞ்சிடும். அப்புறம் பேஜார்."

"சரி, அது வேணாம்" என்றேன். கையில் அடித்துச் சத்தியம் செய்யவில்லை. ஆனால் சரி என்று சொன்னேன்.

அடுத்த மாதம் வேனில் எல்லாரும் சென்னைக்கு வந்தார்கள். ஸ்டூடியோவில் ஒத்திகை பார்த்தோம். அந்தத் தட்டல் இல்லாமல் அஞ்சலை செய்தாள். வசனம் சரி, நடை சரி, எல்லாம் சரி. ஆனால் வெறும் வேஷமாக இருந்தது. ஒருமுறை பதிவு செய்தோம். கட்டுப்பாட்டு அறையில் பார்த்தால் மூன்று திரையிலும் உயிரே இல்லை. நான் இறங்கிப் போனேன். "அஞ்சலை, ஒரு தடவை மேடையில செய்ற மாதிரியே செஞ்சு காட்டுங்க. இது பதிவு இல்ல. கேமராமேனுக்கு எங்க நிக்கணும்னு தெரியணும், அதுக்காகத்தான்" என்றேன். அதற்கு முன்பே கேமராமேனிடம் போய், ஓடவிடு என்று சொல்லியிருந்தேன். பதிவாகும்போது கேமராவின் தலையில் ஒரு சிவப்பு விளக்கு எரியும். நடிக்கிறவர்களுக்கு அதுதான் அடையாளம். அந்த விளக்கின் மேல் கறுப்பு டேப் ஒட்டச் சொன்னேன். அவர் என்னை ஒரு மாதிரி பார்த்தார். ஒட்டினார்.

அஞ்சலை செய்தாள். கண்ணாடியைக் கழற்றினாள், துடைத்தாள், தட்டினாள். எதிரே நின்ற பெண்ணின் முகம் முழுத்திரையில் இருந்தது. இரண்டாவது தட்டில் அவள் கண் தானாக மூடிக்கொண்டது. நடிப்பு இல்லை அது. என் வாழ்நாளில் நான் எடுத்ததில் மிகச் சிறந்த படம் அந்தச் சில விநாடிகள்தான். எடிட் அறையில் இரண்டு பதிவும் என் முன்னால் இருந்தன. யோசித்தேன் என்று எழுத ஆசையாக இருக்கிறது. யோசிக்கவில்லை. நல்லதை வைத்தேன், அல்லாததை வெட்டினேன். அதுதானே என் வேலை என்று கை தானாக நடந்தது.

நிகழ்ச்சிக்கு நல்ல வரவேற்பு. நிலையத்தில் அந்த வருஷத்துப் பரிசுக்கு என் பெயர் போனது. நான் அஞ்சலைக்கு ஒரு கார்டுகூடப் போடவில்லை. இரண்டு மூன்று மாதம் கழித்து, அந்தக் குழுவை இன்னொரு நாடகத்துக்குக் கேட்கலாம் என்று ஆம்பூருக்குப் போனேன். பாஷா பாய் கம்பெனி வாசலில் சைக்கிளைப் பிடித்துக்கொண்டு நின்றார். "அஞ்சலைய நிறுத்திட்டாங்க மேடம். வேல கம்மியா செய்றான்னு எழுதிட்டாங்க. வேற கம்பெனிக்குப் போனா அங்கயும் எடுக்கல. ஒருத்தருக்கு ஒருத்தர் தோஸ்த்துங்கதானே எல்லாரும்" என்றார். அவர் குரலில் கோபம் இல்லை. என்னைப் பார்க்காமல் சைக்கிள் மணியைப் பார்த்துக்கொண்டே சொன்னார்.

நேராக உள்ளே போய் மேனேஜரைப் பார்த்தேன். இனிமேல் நீ உட்காரப்போகிற மாதிரி ஒரு நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். மரியாதையான மனிதர். டீ வரவழைத்தார். "உங்க புரோகிராம் பாத்தோம் மேடம். வீட்ல எல்லாரும் விழுந்து விழுந்து சிரிச்சாங்க. அது வேற, இது வேற. இது புரொடக்ஷன் விஷயம்" என்றார். நான் அப்போது சொல்லியிருக்க வேண்டியது இரண்டு. ஒன்று: அந்தப் பெண் வேண்டாம் என்றுதான் சொன்னாள், நான்தான் ஏமாற்றி எடுத்தேன். இன்னொன்று: உங்கள் சூப்பர்வைசர் உங்கள் தொழிலாளிகளைத் தோளில் தட்டுகிறார், அது சிரிப்பு இல்லை, புகார், முதலில் அதைக் கேளுங்கள். முதலாவதைச் சொல்ல பயம்; பரிசு அறிவிப்பு அந்த மாதம்தான். இரண்டாவது எனக்கு அப்போது தோன்றவே இல்லை. அந்தப் பெண்கள் பக்கம் எழுந்த சத்தத்தைச் சிரிப்பு என்றுதான் நான் கேட்டிருந்தேன். முகம் படிக்கத் தெரியும் என்று பெருமைப்பட்டவள், அவர்கள் எதற்காக அப்படிச் சத்தம் போட்டார்கள் என்று ஒருத்தியிடமும் கேட்கவில்லை. டீயைக் குடித்துவிட்டு எழுந்து வந்தேன்.

அஞ்சலை வீட்டுக்குப் போனேன். வீட்டு வேலைக்குக் கொடுக்கிற ஷூ மேல்தோல்களை ஒரு கோணி நிறைய வாங்கிவைத்துக்கொண்டு கையால் தைத்துக்கொண்டிருந்தாள். எழுந்து பாய் போட்டாள்.

"எதிர் வூட்டுல போயி எல்லாரும் பாத்தோம் மேடம். எங்க வூட்டுக்காரரே சிரிச்சிட்டாரு. அவரு சிரிச்சு நான் பாத்ததே கம்மி" என்றாள்.

"வேலை போயிடுச்சுன்னு பாஷா பாய் சொன்னார்."

"ஆமா." ஊசியைத் தோலுக்குள் இறக்கி இழுத்தாள். "நீங்க இன்னா வேணும்னா பண்ணீங்க? கேமரா தெரியாம ஓடிட்டு இருந்திருக்கும். அப்புறம் அவசரத்துல மாத்தி வச்சிருப்பாங்க. வுடுங்க மேடம்."

நான் தலையை ஆட்டினேன். ஆமாம் என்று வாயால் சொல்லவில்லை. தலையை மட்டும் ஆட்டினேன். பொய் சொல்லவில்லை என்று ரயிலில் வரும்போது எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

பரிசு வந்தது. கண்ணாடிப் பெட்டிக்குள் ஒரு வெண்கலப் பலகை. நீ அதைத் தொட்டுத் தொட்டுப் பார்த்தாய். அடுத்த நாள் காலை இட்லி சாப்பிடும்போது அப்பாவிடம் நடந்ததையெல்லாம் சொன்னேன். யாரிடமாவது சொல்லியாக வேண்டியிருந்தது. அவர் கணக்கு வாத்தியார். ஒரு கேள்விக்கு ஒரு விடைதான் அவருக்கு.

"அந்தம்மா கிட்ட சொன்னியா?"

"இன்னாத்த?"

"டேப் ஒட்டுனத."

"சொன்னா அவங்களுக்கு வேலை திரும்பிக் கெடச்சிடுமா?"

"அது எனக்குத் தெரியாது. நான் கேட்டது, சொன்னியான்னு."

நான் தட்டை எடுத்துக்கொண்டு எழுந்துபோய்விட்டேன். அவர் அதற்குப் பிறகு ஒருநாளும் அதைப் பற்றிக் கேட்கவில்லை. ஆறு வருஷம் போனது. நான் மேலும் பல நாடகங்களை எடுத்தேன். ஆம்பூர் வழியாகப் போகும்போதெல்லாம் ரயில் ஜன்னலுக்கு எதிர்ப்பக்கம் பார்த்து உட்காரப் பழகிக்கொண்டேன்.

அதை முடித்துவைத்தது நீதான். உனக்கு நினைவிருக்காது. ஒன்பதாவது படிக்கும்போது புவியியல் தேர்வில் நீ வரைந்த வரைபடத்தை ஆசிரியர் வகுப்பில் தூக்கிக் காட்டிப் பாராட்டினாராம். நீ எழுந்து, அடியில் அச்சடித்த வரைபடத்தை வைத்து அதன்மேலேயே கோடு இழுத்தேன் என்று சொல்லிவிட்டாய். அந்தக் கேள்விக்கு சைபர் வாங்கிக்கொண்டு வந்தாய். எனக்குக் கோபம். "கண்டுபிடிக்கவே இல்லையேடா, நீயா எதுக்குப் போய் சொன்ன?" என்று கத்தினேன். "திட்டியிருந்தா சொல்லியிருக்க மாட்டேன்மா. நல்லா இருக்குன்னு சொல்லிட்டாரு. அதான் ஒரு மாதிரி ஆய்டுச்சு" என்றாய். சொல்லிவிட்டு விளையாடப் போய்விட்டாய். அப்பா பேப்பரை முகத்துக்கு நேராகத் தூக்கிப் பிடித்துக்கொண்டார். அந்தப் பேப்பருக்குப் பின்னால் அவர் படித்துக்கொண்டிருக்கவில்லை என்று எனக்குத் தெரியும்.

அடுத்த சனிக்கிழமை காலையில் ஆம்பூருக்குப் பஸ் ஏறினேன். அஞ்சலை அதே வீட்டில்தான் இருந்தாள். விரல்களில் ஊசி குத்திக் காய்த்துப்போயிருந்தது. உட்கார்ந்ததும் சொல்லிவிட்டேன். டேப் ஒட்டச் சொன்னது நான், ஓடவிடச் சொன்னது நான், எடிட்டில் வைத்ததும் நான், தவறி நடந்ததில்லை. அவள் கையிலிருந்த தோலைக் கீழே வைத்தாள்.

"தெரியும் மேடம்" என்றாள்.

எனக்குப் புரியவில்லை.

"முதல் தடவ எடுத்தப்ப செவப்பு லைட் எரிஞ்சுச்சு. ரெண்டாவது தடவ பாத்தா அங்க கறுப்பா டேப்பு. மிஷின்ல ஒரு நூல் மாறினாலே கண்டுபிடிக்கறவ நான். இது தெரியாதா?"

"தெரிஞ்சும் ஏன் செஞ்சீங்க?"

"எனக்கும் ஆசதான். மொத தடவ செஞ்சது நல்லா இல்லன்னு எனக்கே தெரிஞ்சுச்சு. அவரு அத டிவில பாக்கட்டுமேன்னும் ஒரு பக்கம் இருந்துச்சு. இப்புடி ஆவும்னு நெனைக்கல."

"அப்புறம் ஏன் அன்னைக்கு, கேமரா தெரியாம ஓடிட்டு இருந்திருக்கும்னு சொன்னீங்க?"

அவள் என்னை நேராகப் பார்த்தாள். "நீங்களா சொல்றீங்களான்னு பாத்தேன். ஆறு வருஷம் ஆயிடுச்சு."

அவள் தெரிந்தே செய்தாள் என்பதால் என் பங்கு குறைந்துவிட்டதாக நான் நினைக்கவில்லை. நீயும் அப்படி எனக்காக நினைத்துச் சமாதானம் சொல்ல வேண்டாம். அவள் தன் பங்கைத் தன் கையால் தைத்துக் கழித்துக்கொண்டிருந்தாள். நான் என் பங்கைக் கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்திருந்தேன். அந்தத் திங்கட்கிழமை அவளுடைய பழைய கம்பெனிக்கு ஒரு கடிதம் எழுதினேன்: என்ன நடந்தது, யார் செய்தது, அந்தச் சூப்பர்வைசர் என்ன செய்துவந்தார், எல்லாம். பதில் வரவில்லை. மேனேஜர் மாறியிருந்தார், சூப்பர்வைசர் ஓய்வுபெற்றுப் போயிருந்தார். ஆறு வருஷத்துக்கு முன்னால் எழுதியிருந்தால் அதைப் படிக்க ஆள் இருந்திருப்பார்கள். எங்கள் நிலையத் தலைவரிடமும் சொன்னேன். அவர் கதவைச் சாத்திவிட்டு, "இதெல்லாம் இப்ப எதுக்கு?" என்று கேட்டார். அதற்குப்பின் நான் ஒரு வழக்கம் வைத்துக்கொண்டேன். எந்த மேடையை எடுத்தாலும், ஒளிபரப்புக்கு முன்னால் நடித்தவர்களை அழைத்து முழுவதையும் போட்டுக் காட்டுவேன். அவர்கள் வேண்டாம் என்றால் அந்த இடத்தை வெட்டிவிடுவேன். நேரம் போகிறது, நிகழ்ச்சி கெடுகிறது என்று சொன்னார்கள். சில நிகழ்ச்சிகள் கெடத்தான் செய்தன. அடுத்த பதவி உயர்வு எனக்குப் பின்னால் வந்த ஒருவருக்குப் போனது. அதை நான் ஒரு தியாகமாகச் சொல்லவில்லை. தாமதமாகக் கற்றுக்கொண்ட ஆள் தாமதமாகத்தான் மேலே போவாள்.

அஞ்சலை மறுபடி டிவிக்கு வரவில்லை. கேட்டேன். "வேணாம் மேடம். மேடையில பாக்க வாங்க" என்றாள். பாஷா பாய் வேறொரு நாடகம் எழுதினார். போனேன், கேமரா இல்லாமல். முதல் பத்து நிமிஷம் எனக்கு உட்காரவே தெரியவில்லை. எதைப் பார்ப்பது, எப்போது அடுத்த ஆளுக்குப் போவது என்று கை விரல்கள் மடியில் கேமரா மாற்றுகிற பொத்தான்களைத் தேடின. பிறகு மெல்ல அடங்கியது. அஞ்சலை முன்னால் பேசிக்கொண்டிருந்தாள். பின்னால் வசனமே இல்லாமல் நின்ற மூன்று பெண்கள் அவளுடைய ஒவ்வொரு சொல்லுக்கும் மாறிக்கொண்டிருந்தார்கள். ஒருத்தி சேலைத் தலைப்பைச் சுருட்டினாள், ஒருத்தி மற்றவளின் முழங்கையைத் தொட்டாள். பழைய நாடகத்திலும் அவர்கள் அப்படித்தான் நின்றிருக்க வேண்டும். நான் ஒருமுறைகூட அவர்களைத் திரையில் காட்டியதில்லை, நானே பார்த்ததில்லை.

இப்போது உன் கேள்விக்கு வருகிறேன். என் வேலை மாதிரியேதான், சரவணா. அதனால்தான் பயமாக இருக்கிறது. உன் திரையில் ஒரு பெண் தையல் மிஷினை நிறுத்தியது தெரியும்; ஏன் நிறுத்தினாள் என்பது தெரியாது. ஊசி உடைந்திருக்கலாம், அடிவயிறு வலித்திருக்கலாம், பக்கத்தில் இருப்பவள் அழுதிருக்கலாம். கண்ணாடியின் காதால் ஒருவன் தோளைத் தட்டினால் அது உன் திரையில் அரை அங்குலம் இருக்கும். ஒரு சூப்பர்வைசர் வேலை வாங்குவதாகத்தான் தெரியும். கேமரா வைக்காதே என்று நான் சொன்னால் நீ சிரிப்பாய், கம்பெனியும் கேட்காது. ஆனால் அவர்களுக்குத் தெரியாமல் எதையும் எடுக்காதே. எடுத்ததை வைத்து ஒருத்திமேல் முடிவு செய்வதற்கு முன்னால், அவளை உட்காரவைத்து அதை அவளுக்குப் போட்டுக் காட்டு. அவள் என்ன சொல்கிறாள் என்று கேள். ஒரு நாளைக்கு ஒரு முறையாவது அறையை விட்டு இறங்கி, அந்த வரிசைகளுக்கு நடுவே கையை வீசிக்கொண்டு சும்மா நட. மிஷின் சத்தத்தில் அவர்கள் பேசுவது உனக்குக் கேட்காது. முகத்தைப் பார். நான் செய்யாததைச் செய்: புரியாவிட்டால் கேள். தவறு செய்தால், அன்றைக்கே போய்ச் சொல்லிவிடு. ஒன்பதாம் வகுப்பில் உனக்கு இது தெரிந்திருந்தது. மேலாளர் நாற்காலியில் அது மறந்துபோகும். எனக்கு அதைவிடச் சின்ன நாற்காலியிலேயே மறந்துபோனது.

இன்னும் ஒன்று இருக்கிறது. இதைச் சொல்லலாமா என்று இரண்டு நாள் யோசித்தேன். நீ ஃபோன் செய்த மறுநாள் அஞ்சலையைப் பார்க்கப் போயிருந்தேன். வருஷத்துக்கு இரண்டு மூன்று முறை போவது வழக்கம். அவளுக்கு முட்டி வலி. மேடை ஏறுவதை நிறுத்திவிட்டாள். உனக்கு வேலை கிடைத்ததைச் சொன்னேன்.

"எந்தக் கம்பெனி மேடம்?"

பெயரைச் சொன்னேன். "எம் பொண்ணு அங்கதான் வேல செய்றா" என்றாள்.

கடைசியில் நான் செய்யக்கூடியது ஒன்று கிடைத்துவிட்டது என்று எனக்குத் தோன்றியது. "அவளா? எந்த செக்ஷன்? இப்பவே அவன்கிட்ட ஒரு வார்த்த சொல்லிடறேன்" என்று ஃபோனைக்கூட எடுத்துவிட்டேன்.

அவள் என் கையைப் பிடித்துக் கீழே இறக்கினாள்.

"வேணாம் மேடம். சொல்லாதீங்க. சொன்னா அவள மட்டும்தான் நல்லா பாத்துப்பாரு."

அதனால் அவள் பெயரை இங்கே எழுதவில்லை. எந்தப் பிரிவு என்று நானும் அதற்குமேல் கேட்டுக்கொள்ளவில்லை. முதல் தேதி காலையில் நீ உள்ளே போகும்போது, குனிந்து தைத்துக்கொண்டிருக்கிற அத்தனை பேரில் அவள் யார் என்று உனக்குத் தெரியாது.

தேடாதே.

அம்மா